கிடப்பில் போட்டது

3.3.2019, ஞாயிறு

காலையில் மாடித் தொட்டியைக் கழுவிக்கொண்டிருந்தேன். எதிர்வீட்டு மாடியில் இரண்டு பேர் டேப் பிடித்து அளந்துகொண்டிருந்தார்கள். கூடவே சொரிமுத்து, லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு, இங்கே அங்கே என்று கை காட்டிக்கொண்டிருந்தான். இன்னொரு மாடி எடுக்கப் போகிறான் என்று நினைத்தேன். பதினொரு மணிக்கு அவனே வீட்டுக்கு வந்தான்.

"அண்ணாச்சி, மாடியில செல்போன் டவர் வைக்கக் கேட்டாவ. சரின்னுட்டேன். உங்க காதுல போட்டுட்டுப் போவோம்னு வந்தேன்."

காதில் போட்டுவிட்டுப் போக வந்தானாம். கேட்க வரவில்லை. பதினைந்து வருஷத்துக்கு முன்னால் இதே சொரிமுத்து குடிநீர் இணைப்புக்காக நகராட்சியில் என் மேஜைக்கு எதிரே, துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, நாலு மாதம் நடையாய் நடந்தவன். நான் உட்காரச் சொன்னதில்லை, அவனும் உட்கார்ந்ததில்லை. இப்போது சிமெண்ட் கடை முதலாளி. சொல்லாமலே சோபாவில் உட்கார்ந்தான். கோமதி காபி வேறு கொடுத்தாள்.

இனிமேல் போன் பேச நான் மாடிக்கு ஏற வேண்டாமாம், அதையும் சொல்லிச் சிரித்தான். எங்கள் தெருவில் வீட்டுக்குள் சிக்னல் கிடையாது, உண்மைதான். போன் வந்தால் மாடியேறித் தொட்டி பக்கத்தில் நின்றுதான் பேசுகிறேன். எனக்கு அது ஒரு குறையாகப் பட்டதில்லை. முப்பத்து நாலு வருஷம் நகராட்சியில் இருந்து மேலாளராக ஓய்வு பெற்றவனுக்கு யார் அப்படி ஓயாமல் போன் பண்ணப் போகிறார்கள்?

5.3.2019

பென்ஷன் புத்தகத்தில் ஒரு திருத்தம் என்று நகராட்சி ஆபீசுக்குப் போனேன். திருத்தம் அவசரமில்லை. ஆனாலும் போனேன்.

நகரமைப்புப் பிரிவில் இப்போது ஜெபராணி இருக்கிறாள். அவள் புருஷன் எங்கள் ஆபீசில் பம்ப் ஆபரேட்டர், மோட்டார் அறையில் ஷாக் அடித்துப் போய்ச் சேர்ந்தான். கருணை அடிப்படையில் அவளுக்கு வேலை கிடைத்தபோது, தபால் பதிவதிலிருந்து குறிப்பு எழுதுவது வரை சொல்லிக்கொடுத்தவன் நான். எழுந்து நின்று நாற்காலி போட்டாள். இந்த மரியாதை எல்லாரிடமும் இல்லை. புதிதாக வந்திருக்கும் மேலாளர் என்னை யாரென்றே கேட்டான்.

டவர் கம்பெனியின் விண்ணப்பம் ஒன்றாம் தேதியே வந்து அவள் மேஜையில்தான் இருக்கிறது. நான் எதுவும் சொல்லவில்லை. ஓய்வு பெற்றவன் சொல்ல என்ன இருக்கிறது? "பாத்துக்கோம்மா" என்றேன். அவ்வளவுதான்.

வெளியே இருப்பவர்களுக்கு ஒரு விஷயம் தெரியாது. ஒரு மனுவை நிராகரித்தால் அந்த ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு அவன் கோர்ட்டுக்குப் போவான். விளக்கம் கேட்டால் விளக்கம் கொடுப்பான். சும்மா வைத்திருந்தால் அவன் எதை எடுத்துக்கொண்டு எங்கே போவான்? ஃபைலைக் கட்டுக்கு அடியில் வைத்து மேலே நாலு கட்டை அடுக்கினால் முடிந்தது. என் சர்வீஸில் நான் ஒரு மனுவையும் நிராகரித்தது கிடையாது. அதில் எனக்கு ஒரு பெருமையே உண்டு.

17.3.2019

தெருவில் கையெழுத்து வாங்கினேன். கதிர்வீச்சு, கர்ப்பிணிப் பெண்கள், குழந்தைகள் என்று ஒரு பக்கம் எழுதியிருந்தேன். எனக்கு அதில் பெரிய நம்பிக்கை கிடையாது. ஆனால் சொரிமுத்து சோபாவில் உட்கார்ந்தான் என்று எழுதி யாரிடமும் கையெழுத்து வாங்க முடியாது. குருவி எல்லாம் செத்துப்போகுமாமே என்று மூன்றாம் வீட்டு அம்மா கேட்டாள். எங்கள் தெருவில் குருவியைப் பார்த்தே பத்து வருஷம் ஆகிறது. ஆமாம் என்று சொல்லிக் கையெழுத்து வாங்கிக்கொண்டேன்.

28.3.2019

கோமதி சங்கரன்கோவிலில் தங்கை வீட்டுக்குப் போய் நாலு நாள் ஆகிறது. மூன்று வேளையும் மெஸ் சாப்பாடு, காபி முக்குக் கடையில். வயிறு சரியில்லை.

நாலு மணிக்கு ஜெபராணி போன் பண்ணினாள். கம்பெனி ஆட்கள் இரண்டு தடவை வந்து கேட்டுவிட்டார்களாம். தேர்தல் வேலை என்று சொல்லச் சொன்னேன். விண்ணப்பத்தோடு இணைத்திருந்த கடிதத்தில் ஏதோ விதி போட்டிருக்கிறது என்று வாசித்தாள். அடுப்பில் பால் பொங்கிவிட்டதால் சரியாகக் காதில் விழவில்லை. கம்பெனிக்காரன் விதி எழுதாமல் எதை அனுப்பினான், அவசரமில்லை, இருக்கட்டும் என்றேன்.

18.4.2019

ஓட்டுப் போட்டேன். விரலில் மை சரியாகப் பிடிக்கவில்லை.

3.5.2019

காலையில் சொரிமுத்து வீட்டு வாசலில் ஒரு லாரி நிறைய இரும்பு இறங்கியது. அனுமதி இல்லாமல் எப்படி இறக்கலாம் என்று நடுத்தெருவில் நின்று கேட்டேன். கம்பெனி இஞ்சினியர், சின்ன வயசுக்காரன், சிரித்துக்கொண்டே ஒரு கடிதத்தின் நகலை நீட்டினான்.

விண்ணப்பம் கொடுத்து அறுபது நாளைக்குள் நகராட்சி அனுமதி தரவோ மறுக்கவோ வேண்டுமாம். இரண்டும் செய்யாவிட்டால் அனுமதி கொடுத்ததாகவே கருதப்படுமாம். டவருக்கென்று டெல்லியில் தனியாக விதி போட்டு வைத்திருக்கிறார்கள். ஏப்ரல் முப்பதோடு அறுபது நாள் முடிந்துவிட்டது. ஒரு வரி எழுதி மறுத்திருந்தால்கூட இந்த இரும்பு இறங்கியிருக்காது.

தெருவே பார்த்துக்கொண்டிருந்தது. சொரிமுத்து மட்டும் பார்க்கவில்லை, லாரிக்காரனுக்கு மோர் கொடுத்துக்கொண்டிருந்தான்.

மத்தியானம் ஜெபராணி போனில் அழுதாள். ஆணையர் கூப்பிட்டு ஃபைலைத் தூக்கி மேஜையில் அடித்தாராம். அழாதே, கோர்ட்டுக்குப் போகிறோம், அங்கே எல்லாம் சரியாகிவிடும் என்றேன். மாடியில் வெயில் தாங்க முடியவில்லை. சீக்கிரம் வைத்துவிட்டேன்.

12.6.2019

வக்கீல் காஜா முகைதீன் அலுவலகம். கோர்ட்டு கோடை விடுமுறை முடிந்து திறந்துவிட்டது, மதுரை ஹைகோர்ட்டில் ரிட் மனு போட வேண்டும். தெரு சார்பில் மனுதாரர் நான்தான். வேறு யாரும் முன்வரவில்லை. கையெழுத்துப் போட்டவர்களில் பாதிப் பேர் இப்போது சொரிமுத்து கடையில் சிமெண்ட் வாங்குகிறவர்கள்.

கதிர்வீச்சு மட்டும் சொன்னால் கோர்ட்டு கேட்காது என்றார் காஜா. அறுபது நாள் தானாக ஓடியதல்ல, யாரோ வேண்டுமென்றே ஓட விட்டார்கள் என்று காட்டினால்தான் அந்த அனுமதியை உடைக்க முடியுமாம்.

"அண்ணாச்சி, அறுபது நாள் ஒரு பேப்பர் சும்மா கெடக்குமா? எவனோ சொல்லித்தான் கெடந்திருக்கு. கம்பெனிக்காரன் சொல்லியிருக்கான், அந்த கிளார்க்கு கெடப்புல போட்டிருக்கு. அதை எழுதுவோம்."

எவனோ என்றார். நான் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிரமாணப் பத்திரம் தயாரானது. சம்பந்தப்பட்ட பிரிவு எழுத்தர் கம்பெனியுடன் கைகோத்துக்கொண்டு, கெடு முடியட்டும் என்ற நோக்கத்தோடு விண்ணப்பத்தை முடக்கி வைத்தார் என்று பதினோராவது பத்தியில் இருக்கிறது. பெயர் இல்லை, பதவி மட்டும்தான். எல்லாம் உண்மை என்று சத்தியம் செய்து பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்துப் போட்டேன். என் கையெழுத்து நல்லா இருக்கிறதாம், வக்கீல் குமாஸ்தா சொன்னான்.

சாயங்காலம் ஜெபராணி போன். "சார், கேஸ்ல எம் பேரு வருமா சார்?" என்று கேட்டாள். வராதும்மா என்றேன். அது பொய் இல்லை. பதினோராவது பத்தியில் அவள் பெயர் கிடையாது.

2.7.2019

நகராட்சிக்கும் கம்பெனிக்கும் நோட்டீஸ் அனுப்பச் சொல்லியிருக்கிறது கோர்ட்டு. இடைக்காலத் தடை கிடைக்கவில்லை. டவர் பாதி ஏறிவிட்டது. கீழ்த்தொட்டி மோட்டார் ரிப்பேர். கோமதிக்கு பிரஷர் மாத்திரை வாங்கினேன்.

22.8.2019

மனு தள்ளுபடி.

டவரால் உடம்புக்குக் கேடு என்பதற்கு ஆதாரம் எதுவும் முன்வைக்கப்படவில்லை. எழுத்தரும் கம்பெனியும் சேர்ந்து செய்தார்கள் என்பதற்கும் ஆதாரம் இல்லை. கருதப்பட்ட அனுமதி செல்லும். இதோடு நிறுத்தியிருக்கலாம். கடைசியில் ஒரு பத்தி: ஒரு விண்ணப்பம் அறுபது நாள் கவனிப்பாரின்றிக் கிடந்தது கவலை தருகிறது, அதற்குப் பொறுப்பானவர் மீது ஆணையர் விசாரணை நடத்தி நடவடிக்கை எடுக்க வேண்டும்.

இந்தப் பத்தியைக் காஜா ஆறுதலாகச் சொன்னார். "நாம கேட்டதுல இது ஒண்ணாவது கெடச்சுதே அண்ணாச்சி." இருவரும் ஒரே பஸ்ஸில் திரும்பினோம். கோவில்பட்டியில் அவர் கடலை மிட்டாய் வாங்கிக் கொடுத்தார்.

9.9.2019

ஜெபராணி வீட்டுக்கு வந்தாள். கையில் சார்ஜ் மெமோ. பதினைந்து நாளைக்குள் விளக்கம் தர வேண்டும்.

அவள் யாரையும் குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்கு ஒரு பதில் இருந்திருக்கும், யோசித்து வைத்திருந்தேன். "உங்கள மாதிரி எழுத நம்ம ஆபீஸ்ல யாரு இருக்கா சார்? நீங்களே எழுதிக் குடுங்க" என்றாள். கோமதி அவளை உட்கார வைத்து இட்லி போட்டாள். அவள் மகள் பிளஸ் டூ படிக்கிறாளாம், கணக்கில் முதல் மார்க்காம்.

15.9.2019

விளக்கத்தை எழுதி முடித்தேன். மூன்று வரைவு. கடைசி வரைவு நன்றாக அமைந்துவிட்டது. இரண்டு வரியை இங்கே எழுதி வைக்கிறேன்:

"மேற்படி விண்ணப்பம் உரிய காலத்தில் முன்வைக்கப்படாமல் போனது முழுக்க என் கவனக்குறைவினாலேயே என்பதைத் தங்களின் மேலான பார்வைக்குப் பணிவுடன் சமர்ப்பித்துக்கொள்கிறேன். வேறெவருடைய தூண்டுதலோ தலையீடோ இதில் இல்லை என்பதையும் உறுதியளிக்கிறேன்."

இரண்டாவது வரி அவசியம். கம்பெனியுடன் சேர்ந்தாள் என்ற பேச்சு எடுபடாமல் போக வேண்டும் அல்லவா? அதற்காகத்தான் போட்டேன். குற்றத்தை ஒப்புக்கொண்டால் ஒரு ஊதிய உயர்வை நிறுத்துவதோடு விட்டுவிடுவார்கள். என் அனுபவத்தில் எல்லாம் அப்படித்தான் முடிந்திருக்கிறது. அவள் வாசித்துப் பார்த்தாள். இரண்டாவது வரி வந்ததும் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். பிறகு கையெழுத்துப் போட்டாள்.

அவள் போன பிறகு கோமதி பாத்திரத்தை விளக்கிக்கொண்டே கேட்டாள்.

"ஏங்க, நீங்க எழுதுன கடுதாசில நீங்க எங்க இருக்கீய?"

ஆபீஸ் விஷயம், உனக்குப் புரியாது என்றேன். அவள் அதற்கு மேல் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

29.9.2019

எதிரே வேலை முடிந்துவிட்டது. டவருக்கு சந்தனம் குங்குமம் வைத்து, தேங்காய் உடைத்து, தெருவுக்கே சர்க்கரைப் பொங்கல் கொடுத்தான் சொரிமுத்து. எங்கள் வீட்டுக்கும் வந்தது. நான் சாப்பிடவில்லை. கோமதி சாப்பிட்டாள்.

21.10.2019, திங்கள்

தீபாவளிக்கு ஆறு நாள் இருக்கிறது. ஜெபராணியை வேலையிலிருந்து நீக்கி ஆணை. இன்று கையில் கொடுத்துவிட்டார்கள்.

நான் இதை எதிர்பார்க்கவில்லை. சாதாரணமாக இதற்கெல்லாம் வேலையை எடுக்க மாட்டார்கள். ஆனால் அவள் தகுதிகாண் பருவத்தை முடித்ததாக ஆணையே போடப்படவில்லையாம். வேலைக்கு வந்து ஆறு வருஷம் ஆகியும் கணக்குப்படி இன்னும் நிரந்தரம் ஆகவில்லை. நிரந்தரம் ஆகாதவளை அனுப்ப ஒரு பக்கக் காகிதம் போதும். குற்றத்தை எழுத்து மூலம் ஒப்புக்கொண்டிருப்பதால் தனியாக விசாரணை தேவையில்லை என்றும் போட்டிருக்கிறார்கள். என் வரைவிலிருந்து அந்த இரண்டு வரியை அப்படியே எடுத்து ஆணையில் சேர்த்திருக்கிறார்கள்.

தகுதிகாண் பருவ ஃபைல் எங்கே போயிற்று என்று அவளுக்குத் தெரியவில்லை. எனக்குத் தெரியும். நான் ஓய்வு பெறுகிறபோது அது என் மேஜையில் இருந்தது. அதில் சிக்கல் எதுவும் இல்லை, ஒரு குறிப்பு எழுதி ஆணையருக்கு அனுப்பினால் போதும். அவள் மேல் எனக்கு வருத்தமும் இல்லை. சும்மாதான் இருந்தது. எனக்குப் பின்னால் வருகிறவன் பார்த்துக்கொள்வான் என்று வைத்துவிட்டு மாலை போட்டுக்கொண்டு வந்துவிட்டேன்.

மேல்முறையீட்டுக்கு இரண்டு மாதம் அவகாசம். டிசம்பர் இருபதுக்குள் மண்டல இயக்குநருக்கு மனுவைத் தபாலில் போட்டுவிட வேண்டும். அதையும் நானே எழுதித் தருகிறேன் என்றேன். காகிதங்களை எல்லாம் ஒரு பிரவுன் கவரில் போட்டு, மனுவுக்கான வெற்றுத் தாளில் முன்கூட்டியே கையெழுத்தும் போட்டு, என்னிடம் கொடுத்துவிட்டுப் போனாள்.

11.11.2019

மனுவை எழுத உட்கார்ந்தேன். என்ன எழுதினால் வேலை திரும்பக் கிடைக்கும் என்பது எனக்குத் தெரியும். தன்னை வேலைக்குப் பழக்கிய முன்னாள் மேலாளர் சொன்னதால்தான் விண்ணப்பத்தை வைத்திருந்தாள், தகுதிகாண் ஃபைலையும் அவர்தான் முடக்கி வைத்தார் என்று எழுத வேண்டும். அதோடு என் வாக்குமூலம் ஒன்றையும் இணைக்க வேண்டும். அதை எழுதினால் ஹைகோர்ட்டில் பொய்ச் சத்தியம் செய்தவன் நான். காஜா என்னை வாசலில்கூட ஏற்ற மாட்டார். சொரிமுத்து சிரிப்பான். சிரித்துவிட்டு, "அண்ணாச்சி, உட்காருங்க" என்பான்.

வேறு மாதிரி எழுத முடியுமா என்று பார்க்க வேண்டும்.

24.11.2019

அலமாரி சுத்தம் செய்தேன். பழைய கரண்ட் பில், கோமதியின் ஸ்கேன், பிரவுன் கவர், எல்லாவற்றையும் ஒரே கட்டாகக் கட்டி வைத்தேன்.

19.12.2019, வியாழன்

மத்தியானம் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். வீட்டுக்குள்ளேயே போன் அடித்தது. இப்போதெல்லாம் அடிக்கிறது. ஜெபராணி. துணிக்கடையில் பில் போடும் வேலையில் இருக்கிறாளாம். பின்னால் பாட்டு கேட்டது. மனு போய்விட்டதா சார் என்று கேட்டாள். நாளைக்குக் கடைசி நாள், ரிஜிஸ்டர் தபாலில் போட்டுவிடுகிறேன் என்றேன்.  பிறகு கேட்டாள்.

"சார், அன்னைக்கு நான் போன்ல அறுபது நாள்னு வாசிச்சேனே. அது உங்களுக்குக் கேட்டுச்சா சார்?"

கோமதி ரசத்தோடு நின்றுகொண்டிருந்தாள்.

"அன்னைக்கு இங்க டவர் இல்லையேம்மா" என்றேன்.

"சரிங்க சார்" என்றாள். வைக்கிற சத்தம்கூடத் தெளிவாகக் கேட்டது. கோமதி ரசத்தை ஊற்றாமல் பாத்திரத்தோடு உள்ளே போய்விட்டாள்.

சாயங்காலம் இந்த டைரியில் மார்ச் இருபத்தெட்டாம் தேதிப் பக்கத்தைப் புரட்டினேன். அடுப்பில் பால் பொங்கியது என்று என் கையெழுத்தில் இருக்கிறது. அந்த வாரம் கோமதி ஊரில் இல்லை. காபியே கடையில்தான் குடித்தேன் என்று அதற்கு மேலேயே எழுதியிருக்கிறேன், வீட்டில் பால் ஏது? அப்போதெல்லாம் போன் பேச மாடிக்குத்தான் போவேன். தொட்டி பக்கத்தில் நிற்கிறவனுக்கு எந்த அடுப்பில் பால் பொங்கும்? வேறு யாரும் படிக்காத டைரியில் எதற்காக இப்படி எழுதி வைத்தேன் என்று தெரியவில்லை.

அவள் இரண்டு தடவை வாசித்தாள். "அறுபது நாளைக்குள்ள பதில் சொல்லலைன்னா அனுமதின்னு அர்த்தமாம் சார், பயமா இருக்கு, ஒரு மறுப்புக் குறிப்பு போட்டுரட்டுமா?" என்று கேட்டாள். எனக்கு நன்றாகக் கேட்டது. நான் எழுதிக்கொடுக்காத எந்த விதியையும் நான் நம்பியதில்லை. ஃபைல் தூங்கினால் ஜெயிக்கும் என்று நம்பினேன்.

20.12.2019

காலையிலிருந்து மழை. மோட்டார் மறுபடியும் ரிப்பேர், ஆள் வந்து பார்த்துவிட்டுப் போனான். தபால் ஆபீஸ் ஐந்து மணி வரைக்கும் திறந்திருந்தது.

எங்கும் போகவில்லை.